அரியாங்குப்பத்தில் ஒரு பிரெஞ்சுப் பணியாரம்

பிரெஞ்சுக்காரர்கள் புதுச்சேரியை விட்டுப் போய் வெகு காலம் ஆகிவிட்டது. 1954-ஆம் வருஷம் நவம்பர் மாதம் 1-ஆம் தேதி நிர்வாகம் கை மாறிற்று. 1962-ஆம் வருஷம் ஆகஸ்டு 16-ஆம் தேதி சட்டப்படியும் கணக்குத் தீர்ந்தது. கொடியை இறக்கிக்கொண்டு போனார்கள். ஆனால் போலீஸ்காரரின் சிவப்புத் தொப்பியையும், சில தெருப் பெயர்களையும், ரொட்டியையும் மறந்து விட்டுவிட்டுப் போய்விட்டார்கள். இந்த மூன்றில் ரொட்டியைத்தான் ஜனங்கள் மிகவும் சொந்தமாக்கிக் கொண்டார்கள் என்பது நமது அபிப்பிராயம். தொப்பியைத் தின்ன முடியாதல்லவா?

அந்த ரொட்டி வர்க்கத்திலே குழந்தைகளின் உள்ளத்தைக் கொள்ளை கொண்டது ஒன்று உண்டு. கை விரல் நீளம் இருக்கும், பொன்னிறமாய் இருக்கும், தொட்டால் சருகு போல் உதிரும், உள்ளே சாக்லேட் ஒளிந்துகொண்டிருக்கும். பாரிஸ் நகரத்தார் இதைப் 'பேன் ஓ ஷொக்கொலா' என்பார்கள். சாக்லேட் வைத்த ரொட்டி என்பது பொருள். பிரான்ஸ் தேசத்தின் தென்மேற்குப் பகுதியாரோ, "அது என்ன பெயர்? ஷொக்கொலாத்தீன் என்று சொல்லுங்கள்" என்று சண்டைக்கு வருவார்கள். இந்த வழக்கு 2018-ஆம் வருஷத்தில் அவர்களுடைய பார்லிமெண்டு வரையில் போயிற்று. சில அங்கத்தினர்கள் ஷொக்கொலாத்தீனுக்காகத் திருத்தமே கொண்டுவந்தார்கள். சபை அதை நிராகரித்து விட்டது. பலகாரத்தின் பெயருக்காகச் சட்டசபையில் வாதாடும் ஜாதி நம்முடைய மரியாதைக்கு உரியதுதான். நாம் இங்கே இரண்டு கட்சியிலும் சேராமல், சாக்லேட் சுருள் என்றே சொல்லிவிட்டுப் போகிறோம்.

"நல்ல பாதுஷாவும் அதிரசமும் இருக்க, இந்தப் பரதேசப் பண்டம் நமக்கு எதற்கு?" என்று சில நேயர்கள் புருவத்தை நெரிக்கக்கூடும். அவர்களை அரியாங்குப்பத்துக்கு ஒரு தடவை வந்துபோகும்படி அழைக்கிறோம். புதுச்சேரிக்குத் தெற்கே, ஆற்றைத் தாண்டினால் இந்த ஊர் வந்துவிடும். இதன் எல்லையிலேதான் அரிக்கமேடு இருக்கிறது. 1945-இல் மார்ட்டிமர் வீலரும், அவருக்குப் பின் 1947 முதல் 1950 வரையில் கஸால் என்னும் பிரெஞ்சு ஆராய்ச்சியாளரும் அங்கே மண்ணைத் தோண்டினார்கள். ரோமாபுரி தேசத்து ஜாடிகளின் உடைசல்கள் அகப்பட்டன. அவற்றிலே திராட்சை மது வந்தது. ஆலிவ் எண்ணெய் வந்தது. 'காரும்' என்கிற புளித்த மீன் சாறுகூட வந்தது! ஏறக்குறைய 2,000 வருஷங்களுக்கு முன்பே கடல் கடந்த ருசிகளை இறக்கிப் பார்த்த ஊர் இது. சாக்லேட்டுக்கா பயப்படப் போகிறது?

சாக்லேட்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. கோகோ மரத்தின் ஜன்மபூமி தென் அமெரிக்கா என்பது வாஸ்தவம். ஆனால் நமது ரசத்தில் மிதக்கும் மிளகாயும் அமெரிக்கக் கண்டங்களிலிருந்து வந்ததே. அதைப் போர்த்துகேசியர் கொண்டுவந்து சேர்த்தார்கள். கோகோவும் நேற்று வந்த விருந்தாளி அல்ல. 1798-ஆம் வருஷத்திலேயே கிழக்கிந்தியக் கம்பெனியார் அதைக் குற்றாலத்தில் பயிரிட்டுப் பார்த்தார்கள். இப்போது பொள்ளாச்சிப் பக்கத்துத் தென்னந்தோப்புகளில் மர நிழலிலே கோகோ காய்க்கிறது. புதுச்சேரியை அடுத்த ஆரோவில்லில் கோகோ விதையிலிருந்தே சாக்லேட் செய்கிறார்கள். ஆகையால் சுதேசி விரதத்துக்குப் பங்கம் வராமலே இந்தப் பலகாரத்தைச் சுடலாம்.

இன்னும் ஒரு வேடிக்கை. இந்தப் பிரெஞ்சுப் பலகாரம் ஆதியில் பிரெஞ்சுப் பலகாரமே அல்ல. 1838, 1839 வாக்கில் ஆகஸ்டு ஸாங் என்ற ஆஸ்திரியர் பாரிஸில் ஒரு வியன்னா ரொட்டிக் கடை வைத்தார். அங்கேயிருந்துதான் இந்த வகையறா முழுவதும் கிளம்பிற்று. இன்றைக்கும் பிரெஞ்சுக்காரர்கள் இவற்றுக்கு வியன்னாவின் பெயரையே பொதுப் பெயராக வைத்திருக்கிறார்கள். புளித்த மாவில் வெண்ணெயை வைத்து மடித்து மடித்துத் தேய்க்கும் முறை சுமார் 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில்தான் நிலைபெற்றது. எழுபது வருஷத்தில் பாரிஸ்காரர் ஒன்றைத் தம்முடையது என்று சொல்லிக்கொள்ளலாம் என்றால், அரியாங்குப்பத்தார் ஏன் சொல்லிக்கொள்ளக் கூடாது?

இனி முக்கிய விஷயத்துக்கு வருவோம். கடையிலே கிடைப்பதை வாங்கித் தின்றுவிட்டுப் போகாமல், இதை ஏன் வீட்டில் செய்ய வேண்டும்? காரணம் வெண்ணெய்.

வெண்ணெய் சுமார் 32 முதல் 35 டிகிரிக்குள் உருகிவிடும். அதாவது நம் வாயின் சூட்டுக்குச் சற்றுக் குறைவு. சாக்லேட்டில் உள்ள கோகோ வெண்ணெயும் அப்படியே, 34 டிகிரியில் இளகும். நாக்கில் வைத்த உடனே இரண்டும் கரைந்து போவதால்தான் அந்த ருசி. ஆனால் வாயில் கரைவதற்கு முன்னால் சமையலறையிலேயே கரைந்து விட்டால்? சித்திரை வைகாசியில் புதுச்சேரிப் பக்கம் வெயில் 37, 38 டிகிரிக்குப் போகிறது. இதற்குச் சில கடைக்காரர்கள் கண்ட சுலப வழி, வெண்ணெயைத் தள்ளிவிட்டு வனஸ்பதியையோ, அதைப் போன்ற மார்கரினையோ போடுவது. வனஸ்பதி 41 டிகிரி வரையில் உருகாமல் இருக்கலாம் என்று சட்டமே இடம் கொடுக்கிறது. மேஜையில் கல்லுப் போல் நிற்கும். மாவு அடுக்கடுக்காய் உப்பும். பார்வைக்கு ஒரு குறையும் இராது. ஆனால் மனித உடம்பின் சூட்டிலே உருகாத கொழுப்பு வாயில் எப்படி உருகும்? மேலண்ணத்தில் மெழுகு பூசியது போல் ஒட்டிக்கொண்டு நிற்கும்.

ஹைட்ரஜன் ஏற்றிய கொழுப்பில் உண்டாகும் டிரான்ஸ் கொழுப்பு இருதயத்துக்குப் பகை. இதற்காகவே இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2022 ஜனவரி முதல் எண்ணெய், கொழுப்பு வகைகளில் அது நூற்றுக்கு 2 பங்குக்கு மேல் இருக்கக் கூடாது என்று கட்டளை இட்டிருக்கிறது. அந்த மட்டில் பயம் குறைந்தது. ஆனால் வெண்ணெய் என்று நம்பிக் குழந்தைக்கு வாங்கிக் கொடுப்பது வெண்ணெய்தானா என்னும் கேள்வி தீரவில்லை. சாக்லேட்டிலும் இதே மாயம் உண்டு. கோகோத் தூளுடன் மலிவான தாவரக் கொழுப்பைச் சேர்த்துக் கட்டியாக்கி விற்கிறார்கள். சுற்றியிருக்கும் காகிதத்தைப் படித்துப் பாருங்கள். கோகோ வெண்ணெய் என்று போட்டிருந்தால் வாங்குங்கள். வேறு தாவரக் கொழுப்பே முன்னால் நின்றால் திருப்பிக் கொடுங்கள். கடைக்காரர் முகத்தைச் சுளித்தால் சுளிக்கட்டும்.

செய்முறையைப் பார்ப்போம். மைதா 250 கிராம், சர்க்கரை 30 கிராம், உப்பு 5 கிராம், உலர்ந்த ஈஸ்ட் 5 கிராம், குளிர்ந்த பால் 70 மில்லி, குளிர்ந்த தண்ணீர் 70 மில்லி, வெண்ணெய் 25 கிராம். இவற்றைச் சப்பாத்தி மாவைவிடச் சற்று மிருதுவாய்ப் பிசைந்து, மூடி, ராத்திரி முழுவதும் குளிர்ப்பெட்டியில் வைத்துவிட வேண்டும். மடிப்பதற்கு வேறாக 125 கிராம் வெண்ணெய் வேண்டும். கடை வெண்ணெயில் உப்புச் சேர்ந்திருந்தால் மாவில் உப்பைக் குறையுங்கள். வீட்டில் கடைந்த வெண்ணெயாய் இருந்தால் மோர் போகக் குளிர்ந்த நீரில் பல தடவை அலசி, அழுத்தித் தண்ணீரைப் பிழிந்துவிட வேண்டும். எருமை வெண்ணெய் பசு வெண்ணெயைவிடச் சிறிது கெட்டி. நமது சீதோஷ்ணத்துக்கு அதுவே சிலாக்கியம். பிரெஞ்சுக்காரருக்குக் கிடைக்காத சௌகரியம் இது!

வேளை மிகவும் முக்கியம். மார்கழி, தை மாதங்களில் விடியற்காலம் புதுச்சேரியில் 21, 22 டிகிரிக்கு இறங்கும். கோலம் போட எழுந்திருக்கும் நேரமே இதற்கும் உகந்த நேரம். கடப்பைக் கல் மேடையின் மேல் ஐஸ் தட்டைக் கொஞ்ச நேரம் வைத்து எடுத்து, ஈரத்தைத் துடைத்துவிடுங்கள். வெண்ணெயை இரண்டு காகிதங்களுக்கு நடுவில் வைத்துக் குழவியால் தட்டி, 15 சென்டிமீட்டர் சதுரப் பலகை ஆக்குங்கள். வளைத்தால் ஒடியாமல் வளைய வேண்டும். ஒடிந்தால் அதிகக் குளிர்ச்சி, கையில் ஒட்டினால் அதிகச் சூடு. மாவை அதே அகலமும் இரு மடங்கு நீளமுமாகத் தேய்த்து, வெண்ணெயை நடுவில் வைத்து, இரு பக்கத்தையும் மூடி ஓரங்களை ஒட்டுங்கள். பிறகு 45 சென்டிமீட்டர் நீளத்துக்குத் தேய்த்துக் கடிதத்தை மடிப்பது போல் மூன்றாக மடித்து, முக்கால் மணி நேரம் குளிர்ப்பெட்டியில் வையுங்கள். எடுத்துப் பக்கத்தைத் திருப்பி மறுபடியும் தேய்த்து மடியுங்கள். இப்படி மூன்று முறை. மூன்றை மூன்றால் பெருக்கி, மறுபடி மூன்றால் பெருக்கினால் 27 அல்லவா? அத்தனை வெண்ணெய் அடுக்குகள் உள்ளே உட்கார்ந்திருக்கின்றன.

நாம் அறிந்த அரியாங்குப்பத்துக் குடும்பம் ஒன்றில் மருமகள் இதைச் செய்துகொண்டிருக்கும்போது, மாமியார் வந்து எட்டிப் பார்த்தாராம். "ஏன் அம்மா, பரோட்டாக்காரன் எண்ணெயைத் தடவி வீசுகிறான்; நீ வெண்ணெயை வைத்து மடிக்கிறாய். இதற்கா பிரான்சு தேசத்துப் பெயர்?" என்று கேட்டாராம். "ஆமாம் அத்தை, ஆனால் பரோட்டா உப்பாதே" என்றாளாம் மருமகள். இருவர் சொன்னதும் சரியே. அடுக்கு விடும் தந்திரம் ஒன்றுதான். ஆனால் வெண்ணெயில் நூற்றுக்கு 16 பங்கு வரையில் தண்ணீர் உண்டு; சூட்டில் அது ஆவியாகி ஒவ்வொரு அடுக்கையும் மேலே தூக்குகிறது. ஈஸ்டும் உள்ளேயிருந்து ஊதுகிறது. எண்ணெயில் தண்ணீர் ஏது?

மூன்றாம் மடிப்பும் ஆறிய பிறகு மாவை 24 சென்டிமீட்டர் அகலமும் 42 சென்டிமீட்டர் நீளமுமாகத் தேயுங்கள். அகலத்தில் இரண்டு, நீளத்தில் ஏழு என்று கூரான கத்தியால் நறுக்கினால் 14 துண்டுகள். கத்தி மொண்ணையாய் இருந்தால் ஓரம் நசுங்கி அடுக்குகள் ஒட்டிக்கொள்ளும். துண்டின் ஒரு முனையில் ஒரு சிறு சாக்லேட் குச்சி வைத்து ஒரு சுற்று. பக்கத்தில் இன்னொரு குச்சி வைத்து மீதிச் சுற்று. மொத்தம் 100 கிராம் சாக்லேட் போதும். மடிப்பு முனை அடியில் இருக்கும்படி தட்டில் வைத்து, இரண்டு மணி நேரம் உப்பவிடுங்கள். இங்கேதான் அநேகர் அவசரப்பட்டு வெயிலில் கொண்டுபோய் வைப்பார்கள். கூடாது! 27 டிகிரிக்கு மேல் போனால் வெண்ணெய் தளர்ந்து வழிய ஆரம்பிக்கும். அப்புறம் 27 அடுக்கும் ஓர் அடுக்குத்தான். தட்டை அசைத்தால் சுருள்கள் லேசாய்க் குலுங்க வேண்டும், அதுவே பதம்.

மேலே முட்டை தடவுவது பிரெஞ்சு சம்பிரதாயம். முட்டை புழங்காத வீட்டில் பாலில் சிட்டிகை சர்க்கரை கரைத்துத் தடவலாம். பளபளப்புச் சற்றுக் குறையும், ருசி குறையாது. ஓவனை 200 டிகிரிக்கு நன்றாகக் காயவிட்டுப் பத்து நிமிஷம் சுட்டு, 180-க்குக் குறைத்து இன்னும் ஆறேழு நிமிஷம் வையுங்கள். ஓவன் இல்லாதவர்கள் மணல் பரப்பிய சட்டியில் சுடலாமா என்றால், அடிச்சூடு மட்டும் போதாது; மேல்மூடியிலும் தணல் இருந்தால்தான் சிவக்கும். எடுத்த உடனே தின்ன ஓடிவரும் குழந்தைகளைக் கால் மணி நேரம் தடுத்து நிறுத்துவது தாய்மாரின் பொறுப்பு. உள்ளே சாக்லேட் கொதித்துக்கொண்டிருக்கும், நாக்கு வெந்துபோகும்.

ஒரு சுருளில் சுமார் 11 கிராம் வெண்ணெய் போகிறது. வெண்ணெய் அசல் என்பதற்காக ஆளுக்கு நாலாகத் தின்னலாம் என்று யாரும் அர்த்தம் செய்துகொள்ள வேண்டாம். மிஞ்சியதைக் குளிர்ப்பெட்டியில் வைத்தால் தோல் போலாகிவிடும். ஒரு டப்பாவில் மூடி வைத்து, மறுநாள் காலையில் ஐந்து நிமிஷம் ஓவனில் காட்டிக் காப்பியோடு கொடுங்கள். பாரிஸில் இதைக் காப்பியில் தோய்த்துத் தின்பவர்கள் உண்டு. அரியாங்குப்பத்து மாமியாரும் அப்படித்தான் தின்றாராம்.