‘வாழ்ந்திருக்கிறார்’ என்றொரு வசவு

நல்ல படம் பார்த்துவிட்டு வெளியே வரும்போது நம்மாட்கள் ஒரு பாராட்டு வைத்திருக்கிறார்கள். ‘‘நடிக்கவே இல்லைங்க... வாழ்ந்திருக்காப்ல!’’

கமலைப் பற்றிச் சொன்னால் அது பாராட்டு. ஊரிலிருந்து கூட்டிவந்த விவசாயியைப் பற்றிச் சொன்னால், அவர் செய்தது வேலையே இல்லை என்று அர்த்தம்.

‘கடைசி விவசாயி’யில் (2022) மாயாண்டியாக வந்த நல்லாண்டி, உசிலம்பட்டிப் பக்கத்து நிஜ விவசாயி. எண்பது தாண்டியவர். படம் வெளியாகும் முன்பே இறந்துவிட்டார். ‘‘அவர் அவராவே இருந்தாரு, அவ்வளவுதானுங்களே’’ என்று கோவையில் விவரமான நண்பர்களே சொன்னார்கள். மயிலைக் கொன்றதாகப் பொய் வழக்கு நல்லாண்டி மேலா போட்டார்கள்? மாயாண்டி மேல் சார்! கோர்ட்டில் நிற்கும்போது வழக்கைவிட, தண்ணீர் இல்லாமல் வாடப்போகும் பயிருக்காகக் கவலைப்படுகிறாரே, அந்தக் கவலையை எழுதியவர் மணிகண்டன். எதிரே கேமரா, சுற்றிலும் ஒரு கூட்டம் நிற்க, அதை முகத்துக்குக் கொண்டுவந்தவர் நல்லாண்டி. இதற்கு நடிப்பு என்று பெயர் இல்லையென்றால், வேறு எதற்கு?

கவுண்டமணியும் சத்யராஜும் பேசியது நம்ம கொங்கு நக்கல்தானே? உடுமலைப் பக்கமும் கோவையிலும் வீட்டுத் திண்ணையில் பேசுகிற பேச்சு. ‘ஊர்ல பேசறதைத்தானே பேசினீங்க’ என்று எந்தத் தயாரிப்பாளராவது கவுண்டமணியின் சம்பளத்தைக் குறைத்திருக்க முடியுமா? என்ன பதில் வந்திருக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

உலக சினிமா ரசிகர்களிடமும் இதே வியாதி. ஹங்கேரி இயக்குநர் பெலா தாரின் ‘ட்யூரின் குதிரை’யில் (2011) அப்பனும் மகளும் அவித்த உருளைக்கிழங்கைக் கையால் பிய்த்துத் தின்பதை நிதானமாகக் காட்டுகிறார். மகளாக வரும் எரிகா போக், சின்னப் பெண்ணாக ‘சாட்டான்டாங்கோ’வில் (1994) வந்தவர். அதில் முக்கிய வேடம் செய்த மிஹாய் வீக், அந்தப் படத்துக்கே இசையமைப்பாளர். இவர்களையும் ‘சும்மா இருந்தார்கள்’ என்று சிலாகிக்கிறார்கள். சுடச்சுடக் கிழங்கை ஒவ்வொரு டேக்கிலும் முதல் தடவை போலத் தின்று பாருங்கள், தெரியும்.

நான் பி.காம். ஒரு கணக்கில் எழுதாத வரவு இன்னொரு கணக்கில் ஏறியிருக்கும். நடிகருக்கு எழுதாத பாராட்டு இயக்குநருக்கு ஏறுகிறது: ‘‘எப்படி வேலை வாங்கியிருக்கார் பாருய்யா!’’ முதுமலையின் பொம்மனும் பெள்ளியும் ஐந்து வருஷம் கேமரா முன் தங்களாகவே இருந்தார்கள். 2023-ல் ஆஸ்கர் மேடையேறியவர்கள் இயக்குநரும் தயாரிப்பாளரும். (தமிழக அரசு இருவருக்கும் தலா 1 லட்சம் கொடுத்தது, அதையும் சொல்லத்தான் வேண்டும்.)

அதே 2023 ஆகஸ்டில் அறிவித்த 69-வது தேசிய விருதில் சிறந்த நடிகர் அல்லு அர்ஜுன். வெள்ளித் தாமரை, ரொக்கம். நல்லாண்டிக்கு ‘சிறப்புக் குறிப்பு’, ஒரு சான்றிதழ். புஷ்பா மரம் கடத்தினால் நடிப்பு. மாயாண்டி பயிர் வைத்தால் வாழ்க்கை!

இனி இப்படி ஒருவரை நடிக்க வைப்பவர்கள் நாள்கூலி பேசாமல் வேடத்துக்கான சம்பளம் பேசட்டும். ஒப்பந்தம் தமிழில் இருக்கட்டும், படிக்கத் தெரியாதவருக்கு வாசித்துக் காட்டட்டும். விருதுக் குழு இவர்கள் பெயரையும் சிறந்த நடிகர் பட்டியலிலேயே வைத்து விவாதிக்கட்டும். தோற்றால் தோற்கட்டும்.