யூரியாவோடு தலையில் கட்டப்படும் கேம் பார்



தமிழ்99 விசைப்பலகை பழகிவரும் நம் ஓய்வூதியர் நண்பர்கள் சிலர் அண்மையில் என்னிடம் ஒரே கேள்வியைக் கேட்டார்கள். "சார், மடிக்கணினியில் தட்டச்சு செய்துகொண்டே இருக்கிறேன். திடீரென்று திரை மங்கி, மேலே ஒரு பட்டையும் பக்கத்தில் நாலைந்து கட்டங்களும் வந்து நிற்கின்றன. வைரஸா?"

வைரஸ் இல்லை. அதன் பெயர் கேம் பார். முழுப்பெயர் எக்ஸ்பாக்ஸ் கேம் பார். எக்ஸ்பாக்ஸ் என்பது மைக்ரோசாஃப்ட் நிறுவனத்தின் வீடியோ விளையாட்டுக் கருவி. அந்த விளையாட்டு ஆடுகிறவர்களுக்காகச் செய்த பட்டையை 2015-ல் விண்டோஸ் 10 வந்ததிலிருந்து எல்லாருடைய கணினியிலும் சேர்த்தே வைத்து அனுப்புகிறார்கள். பேரன் வாங்கினாலும் தாத்தா வாங்கினாலும் அது உள்ளே இருக்கும்.

அது வருவதற்குக் காரணம் எளிது. விசைப்பலகையின் இடது கீழ்மூலையில் கன்ட்ரோலுக்கும் ஆல்ட்டுக்கும் நடுவே விண்டோஸ் படம் போட்ட விசை இருக்கிறது. அதையும் 'ஜி' எழுத்தையும் சேர்த்து அழுத்தினால் கேம் பார் திறக்கும். தமிழ்99-ல் அந்த 'ஜி' விசைதான் நம் 'எ'. என், எனக்கு, எங்கள், என்ன என்று எழுத அதைத்தான் தட்ட வேண்டும். கெ, செ, பெ என்று கொம்பு போடவும் அதே விசைதான். ஒரு பக்கத்துக்கு எத்தனை முறை தட்டுவோம் என்று எண்ணிப் பாருங்கள். இடது கை சற்றே தளர்ந்து விண்டோஸ் விசைமேல் படிந்திருந்தால் போதும், பட்டை வந்துவிடும். 1999 பிப்ரவரியில் சென்னையில் நடந்த தமிழ் இணைய மாநாட்டை ஒட்டி அரசு ஏற்றுக்கொண்ட விசைப்பலகை இது. அதற்குப் பதினாறு ஆண்டு கழித்து வந்த விளையாட்டுப் பட்டை அதன் மேல் வந்து உட்கார்ந்திருக்கிறது.

வந்துபோனால் பரவாயில்லை என்று விட முடியாது. விண்டோஸ், ஆல்ட், 'ஆர்' மூன்றும் சேர்ந்து அழுந்தினால், திறந்திருக்கும் செயலியின் திரையை அது வீடியோவாகப் பதிவு செய்யத் தொடங்கும். அந்த நேரத்தில் வங்கிப் பக்கம் திறந்திருந்தால் கணக்கு விவரமும் சேர்ந்து பதிவாகும். வெளியே எங்கும் போகாது, உங்கள் கணினியில் 'வீடியோஸ்' என்ற கோப்புறைக்குள் 'கேப்சர்ஸ்' என்ற இடத்தில்தான் கிடக்கும். ஆனால் கிடப்பது நமக்குத் தெரியாது. ஒருமுறை அங்கே போய்ப் பாருங்கள். ஏதேனும் இருந்தால் அழித்துவிடுங்கள்.

இனி அடக்கும் முறை. விண்டோஸ் 11-க்குச் சொல்கிறேன்.

ஒன்று: விண்டோஸ் விசையையும் 'ஐ'யையும் அழுத்தினால் செட்டிங்ஸ் திறக்கும். இடப்பக்கம் கேமிங், அதற்குள் கேம் பார். அங்குள்ள சுவிட்சை அணைத்துவிடுங்கள்.

இரண்டு: அதே கேமிங்கில் கேப்சர்ஸ் என்று இருக்கும். நடந்ததைத் தானாகப் பதிவு செய்யும் சுவிட்ச் அங்கே இருக்கிறது. அது அணைந்திருக்கிறதா என்று பாருங்கள்.

மூன்று: செட்டிங்ஸில் ஆப்ஸ், அதில் இன்ஸ்டால்டு ஆப்ஸ். பட்டியலில் கேம் பார் வரிசைக்கு எதிரே உள்ள மூன்று புள்ளியைத் தொட்டு அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ் போங்கள். பின்னணியில் இயங்க அனுமதி என்ற இடத்தில் 'நெவர்' என்று மாற்றுங்கள்.

இவ்வளவும் செய்து முடித்து விண்டோஸையும் 'ஜி'யையும் அழுத்திப் பாருங்கள். மறுபடியும் வந்து நிற்கும்!

என் கோபம் இங்கேதான் தொடங்குகிறது. விண்டோஸ் 10-ல் அந்த முதல் சுவிட்ச் உண்மையான சுவிட்ச். அணைத்தால் கேம் பார் அணைந்தது. விண்டோஸ் 11-ல் அதே இடத்தில் ஒரு சுவிட்ச் இருக்கிறது, ஆனால் அது விளையாட்டுக் கைப்பிடியில் உள்ள பொத்தானை மட்டும் கட்டுப்படுத்தும். கைப்பிடியே இல்லாத நமக்கு அதனால் ஒரு பயனும் இல்லை. விண்டோஸ் 10-க்கான ஆதரவை 2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு நிறுத்திக்கொண்டார்கள். பாதுகாப்பு வேண்டுமானால் 11-க்கு வா என்றார்கள். போனவர்களுக்கு இருந்த சுவிட்சும் போயிற்று.

அடியோடு நீக்கலாம் என்றால், மற்ற செயலிகளுக்கு இருக்கும் 'அன்இன்ஸ்டால்' இதற்குக் கிடையாது. பவர்ஷெல் என்ற கட்டளைத் திரையைத் திறந்து, ஆங்கிலத்தில் ஒரு நீண்ட கட்டளையை எழுத்துப் பிசகாமல் தட்டினால் நீங்கும். நீக்கிய பிறகும், ஏதாவது விளையாட்டைத் திறந்தால் 'எம்எஸ்-கேமிங்ஓவர்லே இணைப்பைத் திறக்கப் புதிய செயலி தேவை' என்று ஒரு பெட்டி வந்து வழிமறிக்கும். பட்டையை எடுத்தவர்கள் அதைத் தேடும் ஆளை வாசலிலேயே விட்டுவிட்டார்கள். எழுபது வயதுக்காரர் இதற்கெல்லாம் எங்கே போவார்? அஸ்தம்பட்டிக்கோ ஐந்து ரோட்டுக்கோ மடிக்கணினியைத் தூக்கிக்கொண்டு போய், தான் கேட்காத ஒன்றை எடுத்துவிடச் சொல்லிக் கூலி கொடுக்க வேண்டும்.

"இத்தனூண்டு விஷயத்துக்கு இவ்வளவு கோபமா?" என்பார்கள். கேம் பார் சும்மா கிடக்கும்போது பெரிதாக நினைவகம் தின்பதில்லை, உண்மை. திரையில் பாடம் பதிவு செய்யும் ஆசிரியர்களுக்கு அது உதவுகிறது, அதுவும் உண்மை. அவர்களுக்கு இருக்கட்டும். வேண்டாம் என்பவர் எடுத்துவிட வழி இருக்கட்டும். நான் கேட்பது இவ்வளவுதான்.

"இலவசமாகக் கொடுத்ததைக் குறை சொல்லலாமா?" என்பது அடுத்தது. இலவசமே இல்லை. மடிக்கணினி விலைக்குள் விண்டோஸ் உரிமத்தின் விலையும் இருக்கிறது. காசு வாங்கிக்கொண்டு கொடுத்த பொருளில் எது இருக்க வேண்டும் என்று வாங்கியவன் சொல்லக் கூடாதா?

"பிடிக்காவிட்டால் லினக்ஸ் போட்டுக்கொள்" என்பார் மூன்றாமவர். சி-டாக் உருவாக்கிய பாஸ் லினக்ஸ் நல்லதுதான், தெரிந்தவர்கள் தாராளமாகப் போட்டுக்கொள்ளட்டும். ஆனால் திண்ணையில் ஒருவன் வந்து படுத்துக்கொண்டால், வீட்டுக்காரனைப் பார்த்து வேறு வீடு பார் என்பது என்ன நியாயம்?

இந்தத் தந்திரம் நம் ஊருக்குப் புதிதல்ல. யூரியா தட்டுப்பாடு வரும்போது உரக்கடையில் என்ன நடக்கும் என்று சேலம், நாமக்கல் விவசாயிகளைக் கேளுங்கள். 45 கிலோ மூட்டை வேண்டுமானால் கூடவே ஒரு நுண்ணூட்டப் பாக்கெட்டோ திரவ உரமோ வாங்கு என்பார்கள். ரேஷன் கடையில் அரிசி வாங்கப் போனால் டீத்தூளையும் உப்பையும் சேர்த்துப் பில் போட்ட கதை நம் எல்லாருக்கும் தெரியும். இரண்டும் தவறு என்று அதிகாரிகள் திரும்பத் திரும்ப எச்சரிக்கிறார்கள். உரக்கடைக்குத் தவறாக இருப்பது மென்பொருளுக்கு மட்டும் எப்படிச் சரியாகும்?

நான் பிரெஞ்சு வழியில் படித்தவன். பிரெஞ்சில் இதற்கு 'வான்த் லியே' என்று பெயர். பிணைத்து விற்பது என்று பொருள். பிரான்சில் ஒருவர் 2008-ல் ஒரு மடிக்கணினி வாங்கினார். எனக்கு விண்டோஸ் வேண்டாம், அதற்குரிய பணத்தைத் திருப்பிக் கொடு என்று உற்பத்தியாளரிடம் கேட்டார். வழக்கு ஐரோப்பிய நீதிமன்றம் வரை போனது. முன்பே மென்பொருள் ஏற்றி விற்பது மட்டுமே முறையற்ற வணிகம் ஆகிவிடாது என்று 2016 செப்டம்பர் 7-ல் தீர்ப்பு வந்தது. வாங்கியவர் தோற்றார்.

ஆனால் ஐரோப்பியர்கள் அதோடு விடவில்லை. 2022-ல் டிஜிட்டல் சந்தைச் சட்டம் கொண்டுவந்தார்கள். பெரிய நிறுவனத்தின் இயங்குதளத்தில், அது இயங்க இன்றியமையாதவை தவிர மற்ற எந்தச் செயலியையும் பயனர் எளிதாக நீக்க முடிய வேண்டும் என்று எழுதிவைத்தார்கள். 2023 செப்டம்பரில் விண்டோஸும் அந்தச் சட்டத்துக்குள் வந்தது. அதற்குப் பிறகுதான் அங்குள்ளவர்கள் எட்ஜ் உலாவியை நீக்க வழி பிறந்தது. உங்கள் மடிக்கணினியிலும் அதே எட்ஜ்தான் இருக்கிறது. அங்கே முடிந்தது இங்கே முடியாமல் இருப்பதற்குக் காரணம் தொழில்நுட்பம் அல்ல, சட்டம்.

நம் நாட்டில் முயற்சியே இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆண்ட்ராய்டு கைபேசி விவகாரத்தில் 2022 அக்டோபர் 20-ல் இந்தியப் போட்டி ஆணையம் கூகுளுக்கு 1,337.76 கோடி ரூபாய் அபராதம் போட்டது. முன்பே ஏற்றிவைத்த தன் செயலிகளைப் பயனர் நீக்குவதைக் கூகுள் தடுக்கக் கூடாது என்றும் ஆணையிட்டது. 2023 மார்ச் 29-ல் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அபராதத்தை உறுதி செய்தது. ஆனால் நான்கு உத்தரவுகளை ரத்து செய்தது. செயலியை நீக்கும் உரிமை அந்த நான்கில் ஒன்று. அபராதம் அரசாங்கத்துக்குப் போகும். வாங்கியவனுக்கு நேராகக் கிடைத்திருக்க வேண்டிய உரிமை காகிதத்திலிருந்து போய்விட்டது.

2024 மார்ச்சில் மத்திய அரசு டிஜிட்டல் போட்டிச் சட்டத்துக்கு ஒரு வரைவு வெளியிட்டது. பெரிய நிறுவனங்கள் ஒன்றோடொன்றைப் பிணைத்து விற்பதற்கு எதிரான பிரிவு அதில் இருக்கிறது. அதைச் சட்டமாக்க வேண்டும். 'நீக்கும் உரிமை' கைபேசிக்கும் கணினிக்கும் பொது என்று ஒரு வரி தெளிவாக எழுத வேண்டும்.

டெல்லி செய்யட்டும் என்று சென்னை காத்திருக்கவும் தேவையில்லை. 2011-ல் ஜெயலலிதா முதலமைச்சராக இருந்தபோது தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டத்தில் எல்காட் நிறுவனம் லட்சக்கணக்கில் மடிக்கணினி வாங்கியது. அவ்வளவு வாங்குகிறவன் சொன்னால் எந்த விற்பனையாளனும் கேட்பான். ஒப்பந்தப்புள்ளி எப்படி எழுதப்படும் என்று அரசு அலுவலகத்தில் வேலை பார்த்த எனக்குத் தெரியும். நினைவகம் எத்தனை, திரை எத்தனை அங்குலம், பேட்டரி எத்தனை மணி நேரம் என்று பக்கம் பக்கமாக நிபந்தனை போடுவோம். 'படிப்புக்குத் தேவையில்லாத செயலிகள் இருக்கக் கூடாது, இருந்தால் பயனரே சாதாரண முறையில் நீக்க முடிய வேண்டும்' என்று இன்னொரு நிபந்தனை சேர்க்க எத்தனை நேரம் ஆகும்? மாணவனுக்குக் கொடுக்கும் கணினியில் விளையாட்டுப் பட்டையை நிரந்தரமாகப் பதித்துக் கொடுத்துவிட்டு, பையன் விளையாடிக்கொண்டே இருக்கிறான் என்று அவனைத் திட்டிப் பயன் இல்லை.

நாம் செய்யக்கூடியதும் உண்டு. புதிதாக வாங்கும்போது கடையிலேயே திறந்து காட்டச் சொல்லுங்கள். "இதில் எதையெல்லாம் நான் நீக்கலாம், எதை நீக்க முடியாது?" என்று கேளுங்கள். பதில் சொல்லத் தெரியாமல் கடைக்காரர் விழித்தால் விழிக்கட்டும். பத்துப் பேர் கேட்டால் அவர் தன் விநியோகஸ்தரைக் கேட்பார். உரக்கடையில் இணைப்புப் பொருள் வேண்டாம் என்று விவசாயி வாய்விட்டுச் சொன்ன பிறகுதான் அதிகாரி வந்து விசாரித்தார்.