கறை போக்கும் சரக்கும் கடைக்காரர் சொல்லும்

மளிகைக் கடைக்காரருக்கும் துணியில் பட்ட கறைக்கும் என்ன சம்பந்தம் என்று நம்மவர்களில் சிலர் கேட்கக்கூடும். எலுமிச்சை, கல் உப்பு, சீயக்காய், பூந்திக்கொட்டை, ஆப்பச் சோடா, சலவைச் சோடா, வினிகர், கடலை மாவு என்று கறை எடுக்க வீடுகளில் கையாளும் பொருள்களில் எது நம் கடையில் இல்லை? வாங்க வரும் தாய்மார்கள் பொருளை மட்டும் கேட்பதில்லை. "அண்ணாச்சி, பையன் சட்டையில் குழம்பு கொட்டிவிட்டது, என்ன போட்டால் போகும்?" என்று சேர்த்துத்தான் கேட்கிறார்கள். பெரிய அங்காடியில் இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல ஆள் கிடையாது. கைபேசியில் சொல்லி வீட்டுக்கு வரவழைத்தாலும் பொட்டலம் வருமே தவிரப் பதில் வராது. போட்டியில் நம் பக்கம் மிஞ்சியிருப்பது அந்தப் பதில்தான். அது சரியான பதிலாக இருக்க வேண்டும் என்பதே மதுரையில் நாற்பது ஆண்டுகளாக மொத்த வியாபாரம் செய்து வரும் என் கருத்து.

சென்ற ஆண்டு எங்கள் உறவில் ஒரு பெண்ணின் முகூர்த்தப் பட்டில் பாயசம் கொட்டிவிட்டது. அவர்கள் வழக்கமாகச் சாமான் வாங்கும் கடையில் கேட்டிருக்கிறார்கள். எடுத்துக் கொடுக்கும் பையன், "சலவைச் சோடா போட்டு ஊறவையுங்கள் அக்கா, ஒன்றும் செய்யாது" என்று சொல்லி அனுப்பினான். இரவு முழுதும் ஊறிய சேலை, காலையில் பளபளப்பு செத்துச் சொரசொரவென்று ஆகிவிட்டது. பட்டு புழு தந்த நூல். நம் தலைமுடியைப் போலப் புரதத்தால் ஆனது. காரச் சரக்கு அதை அரித்துவிடும். பருத்தி தாங்கும், பட்டும் கம்பளியும் தாங்கா. இதைச் சொல்ல ஒரு நிமிடம் போதும். சொல்லாததால் மூன்று ரூபாய்ச் சரக்குக்காக மாதாமாதம் வந்துகொண்டிருந்த மளிகைச் சீட்டே அந்தக் கடையை விட்டுப் போயிற்று. "விற்றோம், அதோடு நம் வேலை முடிந்தது" என்பவர்கள் இதை யோசிக்க வேண்டும்.

மஞ்சள் கறையை எடுத்துக்கொள்வோம். சோப்புப் போட்டதும் சிவப்பாகிறதே என்று பலர் பயந்து மேலும் மேலும் தேய்க்கிறார்கள். ஆரத்தித் தட்டில் மஞ்சளோடு சுண்ணாம்பைச் சேர்த்தால் தண்ணீர் சிவப்பது நம் எல்லோருக்கும் தெரியும். சுண்ணாம்பின் வேலையைத்தான் சோப்பிலுள்ள காரமும் செய்கிறது. சோப்பை நன்றாக அலசிவிட்டு எலுமிச்சைச் சாற்றைத் தண்ணீரில் கலந்து விட்டால் சிவப்பு மறுபடி மஞ்சளாகும். பிறகு ஈரத்தோடு நல்ல வெயிலில் போட வேண்டும். மஞ்சளின் நிறம் வெயிலுக்கு நிற்காது. இரண்டு மூன்று நாள் வெயிலில் வெளிறிவிடும். வெள்ளைத் துணிக்கு இது பயமில்லாத முறை. சாயத் துணி என்றால் எலுமிச்சையும் வெயிலும் சாயத்தையும் கொஞ்சம் எடுத்துவிடும் என்று சொல்லிக் கொடுங்கள். உள்மடிப்பில் ஒரு சொட்டு விட்டுப் பார்க்கச் சொல்வது நல்லது.

ரத்தக் கறைக்குப் பச்சைத் தண்ணீரும் உப்பும்தான். வெந்நீர் ஊற்றினால் முட்டை வெந்தது போல இறுகி நூலைப் பிடித்துக்கொள்ளும். எண்ணெய், நெய் பட்டால் தண்ணீர் காட்டும் முன்பே கடலை மாவையோ அரிசி மாவையோ தூவி அரை மணி நேரம் விட்டுத் தட்டிவிட வேண்டும். துருக் கறைக்கு எலுமிச்சைச் சாறும் பொடி உப்பும் வைத்து வெயிலில் காட்டி அலச வேண்டும். துருவின் மேல் பிளீச்சிங் பவுடர் போட்டால் கறை இன்னும் கெட்டிப்படும். தேநீர்க் கறை ஆழ்குழாய்த் தண்ணீரில் கறுத்துப் போவது இரும்புச் சத்தால். கடுக்காயும் அன்னபேதியும் சேர்த்து அந்தக் காலத்தில் மை காய்ச்சினார்களே, அதே சங்கதி. தண்ணீர் கலந்த வினிகர் அந்தக் கறுப்பை இளக்கும்.

இப்போது கைபேசிப் படங்களைப் பார்த்துவிட்டு ஆப்பச் சோடாவும் வினிகரும் சேர்த்துக் கேட்டு வருகிறார்கள். இரண்டையும் கலந்தால் பொங்கும். பார்க்க அழகாக இருக்கும். ஆனால் ஒன்றை ஒன்று முறித்துக்கொள்வதால் இரண்டின் வேலையும் கெடும். இரண்டு பொருள் விற்குமே என்று சும்மா இருப்பவர்கள் இருக்கலாம். ஒன்று போதும் என்று சொல்லிப் பாருங்கள், அடுத்த மாதச் சீட்டும் உங்களிடம்தான் வரும்.

கெடுதல் ஒன்றும் செய்யாத இந்தக் கலவை போகட்டும். பிளீச்சிங் பவுடரோடு எலுமிச்சை, வினிகர், கழிவறை அமிலம் எதைச் சேர்த்தாலும் குளோரின் வாயு கிளம்பும். கதவடைத்த குளியலறையில் அது உயிருக்கே ஆபத்து. இரண்டையும் ஒருவர் சேர்த்து வாங்கினால் இதைச் சொல்லாமல் பை கொடுக்கக் கூடாது. அமிலச் சில்லறை விற்பனைக்கு 2013இல் உச்ச நீதிமன்றம் கட்டுப்பாடு விதித்தது நினைவிருக்கும். வாங்குபவர் பெயர், முகவரி, அளவு ஆகியவற்றைப் பதிவேட்டில் எழுத வேண்டும். அடையாள அட்டை பார்க்க வேண்டும். 18 வயது நிரம்பாதவருக்குத் தரக் கூடாது. இந்தத் தொந்தரவு வேண்டாம் என்று நினைப்பவர் அமிலத்தை வைக்காமலே இருப்பது மேல்.

இன்னொன்று. ஆப்பச் சோடாவும் சலவைச் சோடாவும் இரண்டும் வெள்ளைப் பொடி. பல கடைகளில் பக்கத்துப் பக்கத்து டப்பாவில், ஒரே கரண்டி போட்டு வைத்திருப்பதைப் பார்க்கிறேன். ஒன்று மாவில் போடுவது, மற்றது துணியில் போடுவது. தட்டும் வேறு, கரண்டியும் வேறு, பெரிய எழுத்தில் பெயரும் வேண்டும்.

பட்டுக்கு என்ன கொடுப்பது என்றால் பூந்திக்கொட்டைதான். பொற்கொல்லர் நகை கழுவுவதற்கும் இதைத்தான் தேடி வருவார்கள். நுரை தருவது தோலும் சதையும். உள்ளிருக்கும் கறுப்பு விதையில் ஒன்றுமில்லை. ஆகையால் விதையோடு மலிவாக வருகிறதே என்று கொள்முதல் செய்யும்போது விதை எடையைக் கழித்துக் கணக்குப் பாருங்கள். பத்துப் பன்னிரண்டு கொட்டையின் தோலை இரவில் ஊறவைத்துக் கசக்கி வடிகட்டினால் ஒரு சேலைக்குப் போதும். மறுநாளே உபயோகித்துவிட வேண்டும், வைத்தால் புளித்துவிடும். கண்ணில் பட்டால் எரியும். வெள்ளைத் துணியில் லேசாகப் பழுப்பேறும் என்பதையும் மறைக்க வேண்டாம்.

எல்லாக் கறையும் போகும் என்று சொல்வதும் தவறு. வாழைத்தார் சுமப்பவர் சட்டையைப் பார்த்தால் தெரியும். பட்டவுடன் அலசினால் கொஞ்சம் இளகும். காய்ந்து கறுத்த வாழைக்கறைக்கு நம் கடையில் மருந்தில்லை. சேராங்கொட்டைப் பாலும் அப்படித்தான். அழியாது என்பதால்தானே சலவைத் தொழிலாளர் அதைக் கொண்டு துணிக்குக் குறி போட்டார்கள்! இப்படிப்பட்டதைக் கொண்டு வந்தால் "போகாது அம்மா" என்று சொல்லிவிடுங்கள்.

எந்தக் கறைக்கு எது, எந்தத் துணிக்கு எது ஆகாது, எதை எதோடு கலக்கக் கூடாது என்று ஒரு பக்க அட்டை அச்சிட்டு உறுப்பினர் கடைகளுக்கெல்லாம் கொடுத்தால் கல்லாவுக்கு மேலே மாட்டி வைக்கலாம். எடுத்துக் கொடுக்கும் பையன்களும் பார்த்துச் சொல்வார்கள். சங்கச் செயற்குழு அடுத்த கூட்டத்தில் இதை எடுத்துக்கொள்ளக் கேட்டுக்கொள்கிறேன். முதல் 500 அட்டைக்கு அச்சுக்கூலி என் பொறுப்பு.