இடது கண் துடித்தால் பெண்ணுக்கு நல்லதாம்!

காலை ஆறரை மணிக்குக் கள்ளக்குறிச்சி பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு டீக்கடையில் பென்ஷன்காரர்கள் ஐந்தாறு பேர் கூடுவோம். போன வாரம் ஒருவர் செல்போனை நீட்டி ஒரு வாட்ஸ்அப் செய்தியைக் காட்டினார். "கண் துடித்தால் என்ன பலன்?" என்று தலைப்பு. ஆணுக்கு வலது கண் துடித்தால் பணம் வரும், இடது துடித்தால் வம்பு வரும். பெண்ணுக்கு அப்படியே தலைகீழ். மேல் இமைக்கு ஒரு பலன், கீழ் இமைக்கு ஒரு பலன், புருவத்துக்குத் தனி. கடைசியில் பத்து பேருக்கு அனுப்பச் சொல்லி உத்தரவு.

"சார், எனக்கு மூணு நாளா வலது கண்ணு துடிக்குது. டிஏ அரியர் வந்துடும் போலிருக்கு" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நான் டீயைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து வந்துவிட்டேன். கிழவனுக்குக் கோபம் என்று நினைத்திருப்பார்கள். கோபம்தான். அங்கே சொல்ல வாய் வரவில்லை, இங்கே எழுதுகிறேன்.

என் அக்காவுக்குக் கண் துடித்தது. இடது கண்.

அக்காவைக் கட்டிக்கொடுத்தது கச்சிராயபாளையத்துக்குப் பக்கத்தில், கல்வராயன் மலை அடிவாரத்துக் கிராமம். 1998 என்று நினைவு, கரும்பு வெட்டு நடந்துகொண்டிருந்த சமயம். அக்காவுக்கு 42 வயது. முதலில் இடது கண்ணின் கீழ் இமை மட்டும் சின்னதாக ஆடியது, நூல் பிடித்து இழுப்பதுபோல. அக்காவின் மாமியாருக்கு ஏக சந்தோஷம். "பொம்பளைக்கு இடது கண்ணு துடிச்சா வூட்ல விசேஷம் வரும்" என்றார். அதே தை மாதம் அக்கா மகளுக்கு வரன் அமைந்தது! போதாதா? ஊரே அந்தக் கண்ணை மெச்சியது. அன்றைக்கு வரன் தட்டிப்போயிருந்தால் அக்காவுக்கு எவ்வளவோ நல்லதாக இருந்திருக்கும் என்று பிற்பாடு நான் பலமுறை நினைத்ததுண்டு.

அடுத்த வருஷம் கண் முழுதாகவே மூடி மூடித் திறந்தது. அதற்கடுத்து கன்னம் ஆடியது. பிறகு வாயின் ஓரம் இடது பக்கமாக வெடுக் வெடுக்கென்று இழுத்தது. அதிர்ஷ்டக் கண் இப்போது வேறு பெயர் வாங்கியது. சங்கராபுரத்தில் ஒரு கல்யாணப் பந்தியில் எதிர் வரிசையில் உட்கார்ந்திருந்த ஒருவரைப் பார்த்து அக்கா கண்ணடித்தாள் என்று அந்த ஆளின் மனைவி சண்டைக்கு வந்துவிட்டாள். அன்றோடு மாமா அக்காவை எந்த விசேஷத்துக்கும் அழைத்துப்போவதை நிறுத்திவிட்டார். மகளின் வளைகாப்பிலும் அக்கா முந்தானையால் பாதி முகத்தை மூடிக்கொண்டு அடுப்படியில்தான் இருந்தாள்.

வைத்தியம் நடக்காமல் இல்லை, நிறையவே நடந்தது. காற்று கருப்பு என்று மலைக்கோயிலில் மூன்று பௌர்ணமி வேப்பிலை அடித்தார்கள். எலுமிச்சை, தாயத்து எல்லாம் ஆனது. யாரோ சொன்னார்கள் என்று ஒரு இலையைக் கசக்கிக் கண்ணில் பிழிந்ததில் பத்து நாள் கண் சிவந்து கிடந்தது. ஒரு தனியார் கிளினிக்கில் சத்து ஊசி என்று வாரம் ஒன்றாக எட்டு ஊசி போட்டு ஒரு மூட்டை நெல் விலையை வாங்கிக்கொண்டார்கள்.

நான் என்ன செய்தேன்? அரசு ஆரம்ப சுகாதார நிலையத்தில் மருந்தாளுநராக இருந்தவன் நான். கூடப் பிறந்தவளுக்கு என்ன வியாதி என்று தெரிந்துகொள்ள முயலாமல், "நரம்புத் தளர்ச்சிதான் அக்கா, தூங்கினா சரியாயிடும்" என்று சொல்லி, பி காம்ப்ளெக்ஸ் மாத்திரையைக் காகிதப் பொட்டலத்தில் மடித்து மாதாமாதம் கொடுத்தேன். பதினொரு வருஷம். அந்த மாத்திரை வாசனை இப்போதும் எனக்கு ஆகாது.

2009-இல் எங்கள் நிலையத்துக்குப் புதிதாக வந்த ஒரு சின்ன வயது டாக்டரம்மா அக்காவைப் பார்த்தார். பத்து நிமிஷம் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு இரண்டு கேள்வி கேட்டார். "ஒரு பக்கம் மட்டும்தானே ஆடுது? தூக்கத்திலயும் ஆடுதா?" ஆமாம் என்றாள் அக்கா. "இதுக்குப் பேரு ஹெமிபேசியல் ஸ்பாசம், அரைமுகத் துடிப்பு. பேயும் இல்ல, தளர்ச்சியும் இல்ல. ஜிப்மருக்குப் போங்க" என்று சீட்டு எழுதிக் கொடுத்தார்.

புதுச்சேரியில்தான் விஷயம் விளங்கியது. முகத்துத் தசைகளை ஆட்டுவிப்பது ஏழாவது மூளை நரம்பு. அது மூளைத்தண்டிலிருந்து வெளியே வரும் இடத்தில் ஒரு ரத்தக்குழாய் அதன்மேல் படிந்து, ஒவ்வொரு துடிப்புக்கும் உரசிக்கொண்டே இருந்தால் நரம்பு தானாகச் சுடத் தொடங்கும். கண்ணில் ஆரம்பித்து மாதக்கணக்கில், வருஷக்கணக்கில் கன்னத்துக்கும் வாய்க்கும் இறங்கும். வலிக்காது. ஆனால் வெளியே தலைகாட்ட முடியாது. எம்ஆர்ஐ எடுத்து வேறு கட்டி எதுவும் இல்லை என்று உறுதி செய்துகொண்டு, கண்ணைச் சுற்றியும் கன்னத்திலும் மெல்லிய ஊசியால் சொட்டுச் சொட்டாக மருந்து போட்டார்கள். ஒரு வாரத்தில் முகம் ஓய்ந்தது. அக்கா கண்ணாடியை எடுத்துக்கொண்டு போய் வாசல் வெளிச்சத்தில் உட்கார்ந்திருந்தாள். நான் பக்கத்தில் போகவில்லை.

அந்த மருந்தின் கதையும் விசித்திரமானது. கெட்டுப்போன சாசேஜ் இறைச்சியைத் தின்று ஆட்கள் செத்ததை 1820-களில் யுஸ்டினுஸ் கெர்னர் என்ற ஜெர்மன் மருத்துவர் ஆராய்ந்து எழுதினார். லத்தீனில் சாசேஜுக்கு போட்டுலஸ் என்று பெயர், அந்த நஞ்சுதான் போட்டுலினம். நரம்பிலிருந்து தசைக்குப் போகும் கட்டளையை அது அடைத்துவிடும். உலகத்திலேயே கடுமையான நஞ்சுகளில் ஒன்று. அதையே கடுகினும் கடுகாகக் குறைத்து மாறுகண்ணைச் சரிசெய்யப் பயன்படுத்தலாம் என்று காட்டியவர் சான் பிரான்சிஸ்கோ கண் மருத்துவர் ஆலன் ஸ்காட். 1989-இல் அமெரிக்க அரசு மாறுகண்ணுக்கும் இமை இறுக்கத்துக்கும் இதை அனுமதித்தது. சினிமாக்காரர்கள் முகச்சுருக்கத்துக்குப் போட்டுக்கொள்ளும் போடாக்ஸ் இதுவேதான். மூன்று நான்கு மாதம் நிற்கும், பிறகு மறுபடி போட வேண்டும். சிலருக்கு இமை கொஞ்ச நாள் தொங்கும், தானே சரியாகும். நிரந்தரமாக வேண்டுமென்றால் மண்டையைத் திறந்து, நரம்புக்கும் குழாய்க்கும் நடுவே டெஃப்லான் பஞ்சு வைக்கும் ஆபரேஷன் இருக்கிறது. அமெரிக்காவின் பீட்டர் ஜனெட்டா பிரபலப்படுத்தியது. அக்கா "மண்டைய நான் தர மாட்டேன்" என்றுவிட்டாள்.

அக்காவுக்கு முதலில் துடித்தது 1998-இல். மருந்துக்கு அனுமதி கிடைத்தது 1989-இல். அந்த ஒன்பது வருஷத்தை நினைத்தால்தான் எனக்கு வயிறு எரிகிறது.

இதைச் சொன்னால் உடனே ஒரு பதில் வரும். "சும்மா ஒரு நம்பிக்கை சார், அதுல என்ன நஷ்டம்?" நஷ்டத்தைத்தான் மேலே எழுதியிருக்கிறேன். இன்னொரு பதில், "சிலப்பதிகாரத்துலயே இருக்கே!" இருக்கிறது. இந்திரவிழாவின்போது கண்ணகிக்கு இடது கண்ணும் மாதவிக்கு வலது கண்ணும் துடித்ததாக இளங்கோவடிகள் பாடுகிறார். சரி, கண்ணகிக்கு அந்த நல்ல சகுனம் என்ன கொடுத்தது? புருஷன் திரும்பி வந்தான், மதுரைக்குக் கூட்டிப்போனான், அங்கே வெட்டுப்பட்டுச் செத்தான். கம்பனின் சீதையும் அசோகவனத்தில் தன் இடப்பக்கம் துடிப்பதைத் திரிசடையிடம் சொல்கிறாள். கவிஞர்கள் வரப்போவதைக் கோடிகாட்ட அதைக் கையாண்டார்கள். படித்து ரசிக்கலாம். கம்பனிடம் போய் மருந்துச் சீட்டு கேட்கலாமா?

சீனாவிலும் இந்தச் சகுனம் உண்டு. அங்கே இடது கண் துடித்தால் செல்வம், வலது துடித்தால் கேடு. இங்கே ஓர் ஆணுக்கு இடது கண் துடித்தால் வம்பு. அவர் விமானம் ஏறி ஷாங்காயில் இறங்கினால் அதே துடிப்புக்குப் பணம் வர வேண்டும். எந்த நடுவானில் பலன் மாறும் என்று பஞ்சாங்கக்காரர்கள் சொன்னால் தேவலை.

எல்லாக் கண் துடிப்பும் அக்காவுடையதைப் போன்றதல்ல என்பதையும் சொல்லியாக வேண்டும். இல்லாவிட்டால் நானும் யூட்யூபில் மிரட்டுகிற ஆட்களோடு சேர்ந்துவிடுவேன். கண் துடித்தால் மூளைக்கட்டி என்கிறான் ஒருத்தன், மெக்னீசியம் குறைவு, இந்த டப்பாவை வாங்கு என்கிறான் இன்னொருத்தன். சகுனக்காரனுக்குத் தம்பிகள் இவர்கள். நமக்கெல்லாம் எப்போதாவது வருவது மயோகைமியா என்கிற சாதாரணத் துடிப்பு. இமையைச் சுற்றி வளையம்போல் இருக்கும் தசையில் சில இழைகள் மட்டும் தாமாக ஆடுவது. பெரும்பாலும் ஒரு கண்ணில், கீழ் இமையில். தூக்கக் குறைவு, மனக்கவலை, அளவுக்கு மீறிய டீ காபி, கண் வறட்சி, ராத்திரி பன்னிரண்டு மணிவரை செல்போன். சில நாளில், மிஞ்சினால் சில வாரத்தில் தானே போய்விடும். மாத்திரை வேண்டாம், ஸ்கேன் வேண்டாம். டீயைக் குறைத்து நேரத்தோடு படுத்தால் போதும். டிஏ அரியர் நண்பர் ஒரு நாளைக்கு ஏழு டீ குடிக்கிறவர் என்பதை இங்கே குறிப்பிடுகிறேன்.

சாதாரணம் எது, ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டியது எது என்று பிரிக்கத் தெரிய வேண்டும். அந்த இடத்தில்தான் சகுனம் குறுக்கே வந்து உட்காருகிறது. மூன்று நான்கு வாரம் தாண்டியும் நிற்கவில்லை, துடிக்கும்போது கண் முழுசாக மூடிக்கொள்கிறது, கன்னமோ வாயோ சேர்ந்து ஆடுகிறது, இமை தொங்குகிறது, கண் சிவந்து நீர் வடிகிறது என்றால் காட்டியே ஆக வேண்டும். இரண்டு கண்ணும் சேர்ந்து இறுக மூடிக்கொண்டு திறக்கவே வராமல் போவது பிளெபரோஸ்பாசம் என்ற வேறு வியாதி. பார்வை நன்றாக இருந்தும் ரோடு கடக்க முடியாது. அதற்கும் அதே ஊசிதான். நம் வயதில் கீழ் இமை உள்பக்கம் மடங்கி முடி கண்ணில் குத்துவதாலும் கண் கொட்டிக்கொண்டே இருக்கும், சின்ன ஆபரேஷனில் தீரும். வாந்திக்கு எழுதும் மெட்டோகுளோபிரமைடு போன்ற சில மாத்திரைகளை மாதக்கணக்கில் விழுங்கினாலும் முகத்தில் தானாக அசைவு வரலாம். இதை மருந்தாளுநராகச் சொல்கிறேன். பழைய சீட்டைக் காட்டிக் கடையில் வாங்கிக்கொண்டே இருக்காதீர்கள்.

வேறொன்று இருக்கிறது, அது துடிப்பே அல்ல. திடீரென்று முகத்தின் ஒரு பக்கம் செத்துப்போய், கண்ணை மூட முடியாமல், குடித்த தண்ணீர் கடைவாயில் ஒழுகுவது. பெல்ஸ் பால்சியாக இருந்தால் 72 மணி நேரத்துக்குள் ஸ்டீராய்டு மாத்திரை தொடங்கினால் நன்றாகத் தேறும். மூடாத கண் காய்ந்து புண்ணாகாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். வாய் கோணுவதோடு கை காலும் தளர்ந்து பேச்சும் குழறினால் அது பக்கவாதம். ரத்தக் கட்டியைக் கரைக்கும் ஊசிக்கு நாலரை மணி நேரம்தான் கெடு. உடனே 108-ஐ அழைக்க வேண்டும். மந்திரிக்கிறவரைக் கூப்பிட ஆள் அனுப்புகிற நேரத்தில் அந்தக் கெடு முடிந்துவிடும்.

கண் விஷயத்தில் நேரம் என்றால் என்ன என்று நம் ஊருக்குத் தெரியாதா? 2024 ஜூனில் கருணாபுரத்தில் விஷச் சாராயம் 60 பேருக்கு மேல் கொண்டுபோனது. மெத்தனால் உடம்புக்குள் ஃபார்மிக் அமிலமாக மாறிப் பார்வை நரம்பைத் தின்னும். கண் மங்குது என்பதுதான் அதற்கு எச்சரிக்கை. கண் மங்கினால் என்ன பலன் என்று எந்த வாட்ஸ்அப்பும் எழுதவில்லை.

அன்றைக்கு அக்காவைப்போல மலையடிவாரத்தில் இருந்தவர்களுக்குப் போக இடமில்லை என்று ஒரு சாக்காவது இருந்தது. வெள்ளிமலையிலிருந்து கீழே இறங்கவே அரை நாள் போய்விடும். நாம் அப்போது விழுப்புரம் மாவட்டத்தின் கடைக்கோடி. 2019 நவம்பரில் தனி மாவட்டம் ஆனோம், 2022 ஜனவரியில் கள்ளக்குறிச்சிக்கே அரசு மருத்துவக் கல்லூரி வந்துவிட்டது. கண் டாக்டரைப் பார்க்க இப்போது டவுன் பஸ் போதும். அப்படியிருந்தும் போன மாசம் மலையிலிருந்து ஒரு பெண், முப்பது வயதுகூட இருக்காது, பஸ்ஸில் என் எதிர் சீட்டில் முந்தானையால் ஒரு பக்க முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். துணி ஆடிக்கொண்டே இருந்தது. பக்கத்திலிருந்த கிழவியிடம் கேட்டேன். "செய்வினைங்க, எடுத்துட்டு வர்றோம்" என்றார். ஒரு காகிதத்தில் எந்த டாக்டரைப் பார்க்க வேண்டும் என்று எழுதிக் கொடுத்தேன். வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டார். போனார்களா தெரியாது.

அக்காவுக்கு இப்போது எழுபது ஆகப்போகிறது. நான்கு மாதத்துக்கு ஒருமுறை பாண்டிச்சேரி பஸ் ஏறுகிறாள், முன்பு மாமா கூடப் போவார், இப்போது பேரன். நேற்று போன் செய்தாள்.

"தம்பி, நாலு நாளா வலது கண்ணு துடிக்குதுடா. பொம்பளைக்கு வலது ஆகாதாமே?"

"ராத்திரி எத்தனை மணிக்கு அக்கா படுக்குறே?"

"சீரியல் முடிஞ்சு, பேரன் போன்ல மிச்சத்தைப் பாத்துட்டு... பன்னெண்டு ஆவும்."

பத்து மணிக்குப் படுக்கச் சொல்லியிருக்கிறேன். இரண்டு வாரத்தில் நிற்காவிட்டால், அடுத்த ஊசிக்குப் போகும்போது அதையும் டாக்டரிடம் காட்டச் சொல்லியிருக்கிறேன்.