மூன்று தீபாவளி

பெரம்பலூரும் அரியலூரும் 1995 வரை திருச்சி மாவட்டம். ஆகவே எம்.கே.தியாகராஜ பாகவதரில் நமக்கும் ஒரு பங்கு உண்டு. பிறந்தது மாயவரம் (1910) என்றாலும், அவரை ஆளாக்கியது திருச்சிதான். சின்ன வயசில் வீட்டை விட்டுக் கடப்பாவுக்கு ஓடி, அங்கே கூட்டம் சேர்த்துப் பாடிய பையன். எஃப்.ஜி.நடேசய்யர் அவரைத் திருச்சியில் 'ஹரிச்சந்திரா' நாடகத்தில் லோகிதாசனாக மேடையேற்றினார்.

1934-ல் முதல் படம், 'பவளக்கொடி'. சுமார் 50 பாட்டு ஸார்! கதையை எந்த இடைவெளியில் சொன்னார்களோ! அன்றைக்கு ஹீரோ வேலைக்கு ஒரே தகுதி, பாடத் தெரியணும். நடிப்பெல்லாம் 'தெரிந்திருந்தால் விரும்பத்தக்கது' ரகம்.

1944 தீபாவளிக்கு 'ஹரிதாஸ்' ரிலீஸ். சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்ட படம். அதில் இரண்டு தீபாவளிக்கு ஹீரோ ஜெயிலில். லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் அவருக்கும் என்.எஸ்.கிருஷ்ணனுக்கும் 1945-ல் ஆயுள் தண்டனை. லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், 1947 ஏப்ரலில் இருவரும் நிரபராதி என்று விடுதலை.

அதே காலத்தில் ஜெர்மன் சினிமாவிலும் ஒரு பாகவதர் இருந்தார். ஜோசஃப் ஷ்மிட். ஐந்தடிக்கும் குள்ளம், ஆபெரா மேடை ஒத்துவரவில்லை. குரலை ரேடியோ ஊரெங்கும் கொண்டுபோனது. 1933 மே மாதம் அவர் பாடி நடித்த படம் பெர்லினில் ரிலீஸ். யூதர் என்பதால் நாஜிகள் அவரைத் தங்கவிடவில்லை. நாடு நாடாக ஓடி, 1942-ல் சுவிட்சர்லாந்தில் அகதி முகாமில் இருந்தபோது இறந்தார். வயசு 38.

ஷ்மிட்டை விரட்டியது அரசாங்கம். பாகவதரை வீழ்த்தியது எது? ஜெயில் என்பார்கள். எனக்குக் கணக்கு டேலி ஆகவில்லை. அதே வழக்கு, அதே தண்டனை, அதே விடுதலை. கலைவாணர் வெளியே வந்து 'நல்லதம்பி' நடித்தார், 'பணம்' டைரக்ட் செய்தார், ஜனங்கள் பழையபடி சிரித்தார்கள். பாகவதருக்கு ஜெயிலுக்கு முன்னால் 9 படம், அப்புறம் 5. அதில் ஒன்றும் பழைய மாதிரி ஓடவில்லை.

காரணம், மூன்று வருஷத்தில் வேலைக்கான தகுதியே மாறிப்போச்சு. பின்னணிப் பாட்டு வந்துவிட்டது. முகம் ஒருத்தர், குரல் ஒருத்தர். 1952-ல் பாகவதரின் 'அமரகவி' வந்தது. அதே வருஷம் 'பராசக்தி'யும் வந்தது. அதில் சிவாஜி வசனம் பேசினார், பாடியவர் சி.எஸ்.ஜெயராமன். இதில் வேடிக்கை, பாகவதர் பாணியில் பாடித்தான் டி.எம்.சௌந்தரராஜன் 1950-ல் 'கிருஷ்ண விஜயம்' படத்தில் நுழைந்தார். ஆக, பாட்டுக்கு மவுசு குறையவில்லை. பாடுகிறவர் முகம்தான் தேவைப்படவில்லை.

டைப்ரைட்டிங் ஹையர், ஷார்ட்ஹேண்ட் ஹையர் இரண்டிலும் ஃபர்ஸ்ட் கிளாஸ் வாங்கி, ஒருநாள் காலையில் தன் மேஜையில் கம்ப்யூட்டரைப் பார்த்த சீனியர்களுக்கு இது சொல்லாமலே புரியும். அவர்கள் வேகம் அப்படியேதான் இருந்தது. மெஷின்தான் மாறிவிட்டது. அவர் மவுஸைத் தடவித் தடவிப் பிடிக்கும்போது பின்னால் நின்று சிரிக்காதீர்கள். நம் மேஜைக்கும் ஒரு மெஷின் வரும்.

பாகவதர் கடைசிவரை பாடினார். 1959 நவம்பர் 1-ம் தேதி, 49 வயசில் போய்ச் சேர்ந்தார். கடைசிப் படம் 'சிவகாமி' அடுத்த வருஷம் வந்தது.