கடவுச்சீட்டு கேட்கும் கருணை

மனித உரிமை என்றதும் ஐரோப்பாவைச் சுட்டிக்காட்டுவது நம் கற்றோரின் வழக்கமாகிவிட்டது. பெண்ணுரிமைக்கு அங்கே சட்டம் உண்டு; குழந்தை உரிமைக்கு நீதிமன்றம் உண்டு. மறுப்பதற்கில்லை. ஆயினும், அந்தச் சட்டங்களின் நிழல் புலம்பெயர்ந்து வந்த தாய் மீதும் அவள் பெற்ற பிள்ளை மீதும் விழுகின்றதா? இதுவே நம் கேள்வி.

1989 நவம்பர் 20ஆம் நாள் ஐக்கிய நாடுகள் பொதுச்சபை குழந்தை உரிமை உடன்படிக்கையை ஏற்றது. பிரிந்த குடும்பம் ஒன்றுசேரக் கோரும் விண்ணப்பத்தை மனிதநேயத்தோடும் விரைவாகவும் கவனித்தல் வேண்டும் என்கிறது அதன் 10ஆம் பிரிவு. பிரிட்டனும் ஜெர்மனியும் அதில் ஒப்பமிட்டன. ஒப்பமிட்ட கையாலேயே, தம் குடியேற்றச் சட்டங்களை அது கட்டுப்படுத்தாது என்றொரு விலக்கையும் எழுதி வைத்தன. அதனைப் பிரிட்டன் திரும்பப் பெற்றது 2008இல், ஜெர்மனி 2010இல். அதுவரை அந்நியக் குழந்தை அரைக் குழந்தையாகவே இருந்தது போலும்!

பெண்ணுரிமையின் கதை என்ன? பிரிட்டனில் முறைப்படி வாழ்ந்த மூன்று பெண்களுக்குத் தம் கணவரை அழைத்துக்கொள்ள அனுமதி கிடைக்கவில்லை. ஆனால், மனைவியை அழைத்துக்கொள்ள ஆணுக்கு வழி இருந்தது. இது பால் வேற்றுமை என்று ஸ்ட்ராஸ்பர்க் மனித உரிமை நீதிமன்றம் 1985 மே 28இல் தீர்ப்பளித்தது. பிரிட்டன் என்ன செய்தது? பெண்ணின் வழியிலிருந்த தடையை நீக்கவில்லை. அதே தடையை ஆணின் வழியிலும் போட்டது. சமத்துவம் வந்தது, குடும்பம் சேரவில்லை.

டென்மார்க் 2002இல், தம்பதியர் இருவருக்கும் 24 வயது நிரம்பினாலன்றித் துணையை வரவழைக்க முடியாது என்றது. கட்டாய மணத்திலிருந்து பெண்களைக் காப்பதற்காம்! பெண்ணின் சம்மதத்தைக் கேட்கச் சொல்லும் மார்க்கம் நம்முடையது. கட்டாய மணத்தை ஒழிப்பவர் எவராயினும் வாழ்த்துவோம். ஆனால், தம்பதியரின் பிணைப்பு பிற நாட்டைவிட டென்மார்க்கோடு மிகுதியாக இருத்தல் வேண்டும் என்றொரு நிபந்தனையும் உடனிருந்தது. 28 ஆண்டுகள் குடியுரிமை உடையோருக்கு மட்டும் அதிலிருந்து விலக்கு! பிறப்பால் டேனியர் எளிதில் தப்பினர். குடியேறிக் குடிமகனானவர் சிக்கினார். இது இன அடிப்படையிலான பாகுபாடு என அதே நீதிமன்றத்தின் பேராயம் 2016 மே 24இல் கூறியது. பெண்ணைக் காப்பதே நோக்கமெனில், வம்சத்தைப் பார்ப்பானேன்?

2002இல் காங்கோ நாட்டுச் சிறுமி ஒருத்தி பிரஸ்ஸல்ஸ் விமான நிலையம் வந்திறங்கினாள். வயது ஐந்து. தாய் கனடாவில் அகதி. ஆவணம் இல்லையென்று, பெரியவர்களை அடைக்கும் காவல் நிலையத்தில் அவளை இரண்டு மாதம் வைத்தனர். பின்பு தனியாகவே கின்ஷாசாவுக்குத் திருப்பி அனுப்பினர். அங்கே அவளை எதிர்கொள்ள உறவினர் எவரும் நிற்கவில்லை. இது மனிதத்தன்மையற்ற செயல் என்று நீதிமன்றம் 2006இல் கூறியது. நீதிபதிகளின் நேர்மையைப் போற்றுகிறோம். ஆயினும், நான்கு ஆண்டுகளுக்குப் பின் வந்த நீதி, அந்த இரண்டு மாத இரவுகளைத் திருப்பித் தருமா?

பாடம் கற்றனரா? அகதிகளின் கைரேகையைப் பதியும் வயதை ஐரோப்பிய ஒன்றியம் 2024இல் இயற்றிய சட்டம் 14இலிருந்து 6ஆகக் குறைத்தது. துணைப் பாதுகாப்பு பெற்றோரின் குடும்பம் வந்து சேர்வதை ஜெர்மனி 2025 ஜூலையில் இரண்டு ஆண்டுகளுக்கு நிறுத்தியது. இச்சட்டத்தில் ஆண் என்றோ பெண் என்றோ ஒரு சொல் இல்லை. ஆனால், போரில் சிதறிய குடும்பத்தில் ஆடவன் முன்னே செல்வதும், மனைவியும் மக்களும் பின்தங்கிக் காத்திருப்பதும் உலகறிந்த செய்தி. அடி விழுவது யார் மீது?

நம் முற்றமும் தூய்மையாக இல்லை. 1951ஆம் ஆண்டின் அகதிகள் உடன்படிக்கையில் வளைகுடா அரபு அரசுகள் சேரவில்லை. நம் இந்தியாவும் சேரவில்லை. இதனை மறைத்துவிட்டு ஐரோப்பாவைச் சாடுவது நேர்மையாகாது.

எனினும், அளவுகோல் நம்மிடம் உண்டு. மக்கத்துக் குறைஷியரின் கொடுமை தாளாது முதல் முஸ்லிம்கள் மனைவியரோடு அடைக்கலம் தேடியது அபிசீனியாவின் கிறிஸ்தவ மன்னர் நஜ்ஜாஷியிடம் அன்றோ! அவர்களைத் திருப்பி அனுப்பக் கோரிக் காணிக்கைகளோடு தூதர் வந்தனர். மன்னர் இரு தரப்பையும் விசாரித்தார், காணிக்கையைத் திருப்பினார், அகதிகளைக் காத்தார். ஜஃபர் (ரலி) அவர்களின் மகன் அப்துல்லாஹ் பிறந்தது அந்த அடைக்கல மண்ணில்தான்.

அந்தத் தொட்டிலருகே கடவுச்சீட்டு கேட்டு எவரும் நிற்கவில்லை. ஈசா நபியின் பெயரால் நாகரிகம் பேசும் ஐரோப்பா, அந்தக் கிறிஸ்தவ மன்னரிடம் பாடம் கேட்கட்டும். நாமும் உடன் அமர்ந்து கேட்போம்.