யாருக்காகப் படம்?

சினிமா என்றதும் நம் வீட்டுக் குழந்தைகளுக்குக் கூடக் கதாநாயகன், கதாநாயகி, பாட்டு, சண்டை ஆகியவையே நினைவுக்கு வருகின்றன. பாம்பையும் ஆமையையும் மழைக் காட்டையும் படம் பிடிப்பதையே ஒருவர் வாழ்க்கைத் தொழிலாகக் கொண்டார் என்று சொன்னால், "அதற்கு யார் டிக்கட் வாங்குவார்கள்?" என்று நேயர்கள் கேட்கக்கூடும். நியாயமான கேள்விதான். சென்னைவாசியான ஸ்ரீ சேகர் தத்தாத்ரி அதற்குத் தம் வாழ்க்கையினாலேயே பதில் அளித்திருக்கிறார்.

மற்றப் பிள்ளைகள் பாம்பைக் கண்டு ஓடும் பதின்மூன்றாம் பிராயத்தில், அவர் கிண்டிப் பாம்புப் பண்ணையைத் தேடிப் போய்த் தொண்டராகச் சேர்ந்தார். தோலுக்காகப் பாம்பு பிடித்துப் பிழைத்த இருளர்கள், அந்த வியாபாரத்தைச் சட்டம் தடுத்தபின், கூட்டுறவுச் சங்கம் அமைத்து, விஷமுறிவு மருந்துக்குப் பாம்பின் நஞ்சை எடுத்துக் கொடுக்கலானார்கள். அவ்வரலாற்றைப் படமாக்குவதில் அவர் பங்கு கொண்டார். 1991-ல் கேரளத்து அமைதிப் பள்ளத்தாக்கைப் பற்றிய அவருடைய படம் வெளிவந்தது. விருதுகள் வந்தன. அயல்நாட்டுத் தொலைக்காட்சி நிலையங்களும் அவரைக் கொண்டு படம் எடுத்தன.

இந்த நிலையில் வேறொருவராயிருந்தால் நிம்மதியாகக் காலத்தைக் கழித்திருப்பார். ஸ்ரீ தத்தாத்ரிக்கோ ஓர் ஐயம் உண்டாயிற்று. உலகமெங்கும் ஜனங்கள் சாய்வு நாற்காலியில் அமர்ந்து காட்டின் அழகைக் கண்டு மகிழ்கிறார்கள். அதனால் அந்தக் காட்டுக்கு என்ன லாபம்? 2000-ஆம் வருஷ வாக்கில் அவர் அந்த வருமானத்தை விட்டு, இயற்கையைக் காப்பதற்கென்றே சிறு படங்கள் எடுக்க முற்பட்டார்.

அவற்றில் ஒன்று கர்நாடகத்துக் குதிரேமுக மலையைப் பற்றியது. துங்கை, பத்திரை, நேத்திராவதி ஆகிய நதிகள் பிறக்கும் அந்த மலைத் தொடரில், சர்க்காருக்குச் சொந்தமான கம்பெனி ஒன்று இரும்புத் தாது வெட்டி வந்தது. வெட்டிய மண் மழையில் கரைந்து பத்திரை நதியில் கலந்தது. இந்தக் கோலத்தை 2001-ல் அவர் படமாக்கினார். மலையைக் காக்கப் பாடுபட்டவர்கள் வழக்குத் தொடுத்திருந்தார்கள். 2002-ல் ஸுப்ரீம் கோர்ட்டு, சுரங்க வேலையை நிறுத்தக் கெடு விதித்தது. 2005 முடிவில் வேலை நின்றது.

படம் ஒன்றினாலேயே இந்த வெற்றி கிட்டியது என்று நாம் சொல்ல வரவில்லை. வழக்காடியவர்களுக்கும் பெரும் பங்கு உண்டு. ஆனால் வக்கீல் ஆயிரம் பக்கத்தில் எழுதிக் காட்டுவதை, கலங்கிச் சிவந்த ஆற்றுநீர் ஒரு கணத்தில் காட்டிவிடுகிறது அல்லவா?

எத்தனை பேர் பார்த்தார்கள் என்பதைக் கொண்டே படத்தை மதிப்பது நம் வழக்கம். யார் பார்க்கவேண்டுமோ அவர்கள் பார்த்தார்களா என்று கேட்டவர் ஸ்ரீ தத்தாத்ரி. டிக்கட் விற்காத படத்திற்கும் வசூல் உண்டு. பத்திரையில் தெளிந்து ஓடும் ஒவ்வொரு குடம் தண்ணீரையும் அந்தக் கணக்கில்தான் நாம் எழுதிக்கொள்ள வேண்டும்.